எழுத்தும் ஒளியும்
(நம் சங்கத்து மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)

   

 எழுத்தொலிக்கும் நிறத்துக்கும் உள்ள தொடர்புபற்றிச் சில கூறுமாறு நம் சங்கக் காரியதரிசியவர்கள் எம்மைப் பணித்தனர். இப்பொருளை அவர்கள் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் உண்டு. சில திங்களாக நம்மவர் இல்லங்களிற் புதிய தத்துவமொன்று பேசப்பட்டு வருகின்றது. ஒவ்வோர் எழுத்தொலிக்கும் ஒரு நிறம் உண்டாம். ஒவ்வொரு நிறத்துக்கும் ஓர் ஒளியாற்றல் உண்டாம். ஒருவருடைய பெயரிலுள்ள எழுத்துகளின் நிறங்கள் தம்முள் இணங்கின் அவர் வாழ்வாராம், பிணங்கின் தாழ்வாராம். இதனை நம்பிக் குழந்தைகளின் பெயர்கள் மாற்றப்படுகின்றன. பெண் கொள்ளும்போதும் கொடுக்கும்போதும் பெயர்நிறம் பார்க்கப்படுகின்றது. இக்காரணத்தாலேயே ஒரு திருமணம் நின்றுபோனதும் நீங்கள் அறிவீர்கள். அவ்வீட்டார் இன்னார் என்று யாம் ஈண்டுக் கூறோம். குற்றம் ஒன்றும் இல்லாத பெண்ணொருத்தி தன் பெயரின் முதலெழுத்துக்காகத் தலை குனிந்து நின்றாள் என்று சொல்வதே போதும்.

இத்தத்துவத்தை விலை கூறுவோர் யாவர் என ஆராய்ந்து அவரைப் பழிப்பது எம் நோக்கமன்று. அதற்கு எமக்குத் தகுதியும் இல்லை. ஏனெனின், இத்தகைய தத்துவம் ஒன்றை யாமே ஒருகால் புனைந்தோம். அதனால் ஒரு சிறுவனுக்குத் தீங்கும் செய்தோம். அவ்வரலாற்றை உரிய இடத்திற் கூறுவோம். முதற்கண், நம் முன்னோர் இதுபற்றிக் கூறியது யாது, மேனாட்டார் கூறியது யாது, இயற்கை கூறுவது யாது என்பவற்றை முறையே நோக்குவோம்.

ஒலியும் நிறமும் உறவுடையன என்னும் எண்ணம் நமக்குப் புதிதன்று. தமிழில் 'வண்ணம்' என்னும் சொல்லை எடுத்துக்கொள்வோம். அது நிறத்தையும் குறிக்கும். பாட்டின் ஓசை நடையையும் குறிக்கும். தொல்காப்பியர் செய்யுளியலில் இருபது வண்ணங்கள் கூறினார். அவை யாவும் ஓசை வேறுபாடுகளேயன்றி நிற வேறுபாடுகள் அல்ல. அருணகிரிநாதர் திருப்புகழ்ப் பாக்களை வண்ணம் என்றே வழங்குகின்றோம். வடமொழியில் 'வர்ணம்' என்னும் சொல் நிறத்தையும் எழுத்தையும் குலத்தையும் குறிக்கும். இம்மூன்று பொருளும் ஒரு சொல்லில் அடங்கியதால் விளைந்த கேட்டைப் பின்னர்க் காண்போம்.

சைவ சித்தாந்த நூலார் தத்துவம் முப்பத்தாறனுள் தலையாயவையாக நாதத்தையும் விந்துவையும் வைத்தனர். வாக்கு நான்கு என்றும் வகுத்தனர். பிறர் செவிக்குக் கேட்பது வைகரி. கேளாதாய் உள்ளே எழுத்து வரிசைப்பட நிற்பது மத்திமை. எழுத்து வேறுபாடு இன்னும் தோன்றாமல் எல்லாம் ஒன்றாய் ஒடுங்கிக் கிடப்பது பைசந்தி. அதற்கும் அப்பால் அறிவொளியாய் நிற்பது சூக்குமை. இவற்றுட் பைசந்திக்கு அவர் காட்டும் உவமை மயில் முட்டையாகும். முட்டையினுள் இருப்பது நீரே; ஆயினும் தோகையின் பல நிறங்களும் அந்நீரில் பிரிவின்றி அடங்கியிருக்கின்றன. அதுபோலப் பேசவிருக்கும் சொற்களெல்லாம் பைசந்தியில் அடங்கியிருக்கும் என்பது கருத்து. இவ்வுவமையின் நயத்தை நாளெல்லாம் சிந்திக்கலாம். ஆனால் இஃது உவமையே என்பதை மறத்தலாகாது. மயில் முட்டையைச் சொன்ன ஆசிரியர், ககரத்துக்கு இன்ன நிறம், மகரத்துக்கு இன்ன நிறம் என்று விலைப்பட்டியல் எழுதினாரல்லர்.

எழுத்துக்கும் நிறத்துக்கும் நேரே தொடர்பு கூறிய நூலும் தமிழில் உண்டு. மனவாசகங்கடந்தார் அருளிய உண்மை விளக்கம், ஐம்பூதங்களுக்கும் வடிவும் நிறமும் எழுத்தும் வகுக்கின்றது. நிலம் நாற்கோணமும் பொன்னிறமும் லகரமும் உடையது. நீர் பிறைவடிவும் வெண்மையும் வகரமும் உடையது. நெருப்பு முக்கோணமும் செம்மையும் ரகரமும் உடையது. காற்று அறுகோணமும் கருமையும் யகரமும் உடையது. வான் வட்டமும் புகைநிறமும் அகரமும் உடையது. இது மாணாக்கன் வினாவ ஆசிரியர் விடை கூறும் முறையில் அமைந்த நூல். உலகப் பொருள்களைத் தன்னின் வேறாக எண்ணி நீங்கும் சாதகனுக்கு, எண்ணுதற்கு ஒரு பற்றுக்கோடாக இவை தரப்பட்டன. வகரத்தை முதலாக உடைய பெயரினன் வெண்ணிறச் சட்டை அணிதல் வேண்டும் என்றோ, ரகரப் பெயரினளை மணப்பின் நெருப்புப் பற்றும் என்றோ அந்நூலில் யாண்டும் இல்லை.

வடமொழித் தாந்திரிக நூல்களில் இவ்வகுப்பு இன்னும் விரியும். பூர்ணானந்தர் என்பார் 1577-ஆம் ஆண்டில் இயற்றிய ஷட்சக்கர நிரூபணம், உடலினுள் ஆறு தாமரைகளைக் கூறி அவற்றின் இதழ்களில் எழுத்துகளை வைக்கின்றது. இதழ்கள் முறையே நான்கு, ஆறு, பத்து, பன்னிரண்டு, பதினாறு, இரண்டு, ஆக ஐம்பது. எழுத்தும் ஐம்பது. கணக்கு மிகப் பொருத்தமாக இருக்கின்றதல்லவா? ஆனால் அவ்வைம்பதும் வடமொழி எழுத்துகள். தமிழ் முதலெழுத்து முப்பது. வேறு மொழிகளின் எழுத்துகள் வேறு தொகையின. எழுத்தின் தொகையே மொழிதோறும் மாறுமாயின், மனிதவுடல் எந்த மொழியின் நெடுங்கணக்கைப் பின்பற்றும்? ஆதலின் இதுவும் அம்மொழியில் ஓதிப் பயின்ற சாதகர்க்கு வகுத்த தியான முறையேயன்றி, உலகனைத்துக்கும் பொதுவான உடற்கூற்று விதியன்று.

இன்று கடைதோறும் காணும் படங்களில் இவ்வாதாரங்களுக்கு வானவில்லின் ஏழு நிறங்களும் அடியிலிருந்து முடிவரை வரிசையாகத் தீட்டப்பட்டிருக்கின்றன. இதனைப் பழைய நூற்கொள்கை என்று பலர் நம்புகின்றனர். இவ்வானவில் வரிசை 20-ஆம் நூற்றாண்டில் மேனாட்டார் கட்டியது. பழைய நூலிலோ நெஞ்சத் தாமரையின் இதழ் செந்நிறம், அதனுள் அமைந்த காற்றின் மண்டிலம் புகைநிறம். புதிய படத்தில் அது பச்சை. பழமை என்னும் பெயரால் விற்கப்படுவனவெல்லாம் பழமையல்ல என்பதற்கு இஃதொரு சான்று.

இனித் தொல்காப்பியரைக் காண்போம். அவர் பிறப்பியலில் எழுத்துகள் பிறக்குமாற்றை விளக்குகின்றார். கொப்பூழிலிருந்து எழும் காற்றுத் தலை, மிடறு, நெஞ்சு என்னும் இடங்களில் நின்று, பல், இதழ், நா, மூக்கு, அண்ணம் என்னும் உறுப்புகளோடு பொருந்தி வெவ்வேறெழுத்தாகின்றது என்பர். இன்றும் கண்ணாடியின் முன் நின்று ஒலித்துப் பார்த்து எவரும் சரிபார்க்கலாம். அவ்வியலின் முடிவில் அவர் சொல்வது நம் ஆராய்ச்சிக்கு மிக இன்றியமையாதது. உள்ளே எழுந்து இயங்கும் ஒலியின் இயல்பு மறையோர் நூலுட் கூறப்படுவது. யாம் ஈண்டுக் கூறியது புறத்தே வெளிப்பட்டு ஒலிக்கும் எழுத்தின் இயல்பும் அளவுமே எனத் தம் எல்லையைத் தாமே வரையறுக்கின்றார். உள்ளொலியை அவர் மறுத்தாரல்லர், இகழ்ந்தாருமல்லர். ஆனால் அதனை இலக்கணத்தோடு கலந்தாருமல்லர். இந்த அடக்கம் அன்றோ ஆசிரியர்க்கு அழகு!

மேலும் அவர் எழுத்துகளுக்கு இட்ட பெயரை நோக்குமின். வல்லெழுத்து, மெல்லெழுத்து, இடையெழுத்து என்றார். வன்மையும் மென்மையும் நாவாலும் இதழாலும் உணரப்படுவன. செவ்வெழுத்து, வெள்ளெழுத்து, பச்சை எழுத்து என்று அவர் பிரித்திலர்.

அடுத்து மேனாட்டார் கொள்கையைக் காண்போம். ஐசக் நியூட்டன் வெண்ணொளியை முப்பட்டைக் கண்ணாடியாற் பிரித்துக் காட்டினார். முதலில் ஐந்து நிறமே கூறியவர், இசையின் ஏழு சுரங்களோடு பொருந்தவேண்டிப் பின்னர் ஏழாக்கினார். 1704-ஆம் ஆண்டில் வெளியிட்ட ஒளிநூலில் நிறவட்டத்தைச் சுர இடைவெளிகளின் அளவாற் பகுத்தார். பேரறிஞரையும் இவ்வொப்புமை இழுத்துச் சென்றது. காஸ்டெல் என்னும் பிரஞ்சுப் பாதிரியார் 1725-ஆம் ஆண்டில், சுரத்துக்கொரு நிறம் காட்டும் இசைப்பெட்டியொன்றைப்பற்றி எழுதினார். மேனாட்டு இசையில் 'சி' எனப்படும் சுரத்துக்கு அவர் கொண்டது நீலம். 1910-ஆம் ஆண்டில் புரொமீதியஸ் என்னும் இசைப்படைப்பில் நிறவொளிக்கும் இடம் வகுத்த ரஷ்யப் புலவர் ஸ்கிரியாபின், அதே சுரத்துக்குக் கொண்டது சிவப்பு. அவர் நாட்டவரும் அவரினும் மூத்தவருமான ரிம்ஸ்கி கார்சகாவ் கொண்டதோ வெண்மை. ஒரு சுரம், மூவர், மூன்று நிறம்.

உயிரெழுத்துகளுக்கு வருவோம். ரேம்போ என்னும் பிரஞ்சு இளங்கவி 1871-ஆம் ஆண்டில் பிரெஞ்சு உயிரெழுத்து ஐந்துக்கும் நிறம் கூறிப் பதினான்கடிப் பாட்டொன்று புனைந்தார். அவர் கணக்கில் 'ஐ' என்று எழுதப்படும் உயிர் சிவப்பு, 'ஓ' நீலம். கில் என்னும் மற்றொரு பிரஞ்சுக் கவிஞர் 1886-ஆம் ஆண்டில் இதனை ஒரு தத்துவமாகவே வளர்த்து நூல் செய்தார். அவர் கணக்கில் முன்னது நீலம், பின்னது சிவப்பு! ஒரு மொழியினர், ஒரே காலத்தவர், ஒரே எழுத்துகளைப்பற்றி எழுதியவர். அவருள்ளும் நிறங்கள் தலைமாறின. ரேம்போ உண்மையை மறைத்தாரல்லர். 1873-ஆம் ஆண்டில் அச்சிட்ட நூலில், உயிர்களின் நிறத்தைத் தாமே கற்பித்துக்கொண்டதாகவும், அது தம் பித்துகளுள் ஒன்றெனவும் வெளிப்படையாக எழுதினார். கற்பித்தவர் கற்பனை என்றார். பின்வந்தோர் அதனைத் தத்துவம் என்றனர்.

இயற்கை நூலார் கூறுவது யாது? ஒலி காற்றின் அழுத்தத்தில் எழும் அலை. காற்றோ நீரோ பிற பொருளோ இன்றி அது செல்லாது. காற்றில் அதன் வேகம் நொடிக்கு ஏறக்குறைய 340 மீட்டர். ஒளி மின்காந்த அலை. அதற்கு ஊடுபொருள் வேண்டா. வெற்றிடத்தில் அதன் வேகம் நொடிக்கு ஏறக்குறைய 3 லட்சம் கிலோமீட்டர். நம் செவி நொடிக்கு 20 முதல் 20,000 வரை அதிரும் ஒலிகளை அறியும். இஃது ஏறக்குறையப் பத்து ஸ்தாயி. நம் கண் அறியும் ஒளியோ செம்மை முதல் ஊதா வரை ஏறக்குறைய ஒரே ஸ்தாயி. பத்து முழத் துணியை ஒரு முழப் பெட்டியில் மடியாமல் விரிப்பது எங்ஙனம்?

இன்னும் ஒன்று. அகரத்துக்கு இத்தனை அதிர்வு என்று இத்தத்துவத்தார் எண் கூறுகின்றனர். தாத்தா சொல்லும் அகரமும் பேத்தி சொல்லும் அகரமும் அதிர்வெண்ணால் வேறு. எனினும் இரண்டும் அகரமே. வாயறையின் வடிவத்தால் எழும் ஒத்ததிர்வுகளின் அமைதியே உயிரொலிகளை வேறுபடுத்துகின்றது. ஆகவே அகரத்தின் அதிர்வெண் என ஒன்று இல்லை. மெய்யெழுத்திலோ தமிழரான நமக்கு ஐயமே வேண்டா. கடல், பங்கு, பகல் என்று சொல்லிப் பாருங்கள். எழுத்து ஒரே ககரம், ஒலி மூவகை. ஒலிக்கு நிறம் என்றால் ககரத்துக்கு மூன்று நிறம் வேண்டும். எழுத்துக்கு நிறம் என்றால் அது மைக்கு நிறமேயன்றி ஒலிக்கு நிறமன்று.

'ஒலி', 'ஒளி' என்னும் சொற்கள் ஓரெழுத்தாலேயே வேறுபடுகின்றன. ஆதலின் அவை ஒன்றே என்று அவர் கூறுவதையும் கேட்டோம். 'கலை'யும் 'களை'யும் ஓரெழுத்தாலேயே வேறுபடுகின்றன. அதனாற் கழனியில் உள்ள களையைக் கலை என்று உழவன் விட்டுவைப்பானா?

அங்ஙனமாயின் எழுத்தில் நிறம் காண்பது முழுப் பொய்யா என்னும் வினா எழும். இங்கேதான் எம் வரலாறு தொடங்குகின்றது.

புலவர் பட்டம் பெற்று ஆசிரியப் பணியில் அமர்ந்த புதிதில், எமக்கு வயது இருபத்து நான்கு. கற்றது சிறிது, செருக்குப் பெரிது. அக்காலத்தில் 'எழுத்தொளி விளக்கம்' என்னும் பெயரால் ஒரு சுவடி எழுதினோம். தமிழ் முதலெழுத்து முப்பதுக்கும் முப்பது நிறம் வகுத்தோம். வல்லினம் ஆறுக்கும் செம்மையின் ஆறு வேறுபாடு; மெல்லினம் ஆறுக்கும் வெண்மையின் ஆறு வேறுபாடு; இவ்வாறே பிறவும். எழுத்துக்கொரு வெண்பாவும் பாடினோம். எங்கிருந்து இந்நிறங்களைப் பெற்றீர் என்று கேட்டவர்க்கு, உள்ளுணர்விற் கண்டோம் என விடை கூறினோம். உண்மையில், வண்ணக்கடைப் பட்டியலொன்றைப் பார்த்து எழுதினோம். இதனை இச்சபையில் இன்று ஒப்புக்கொள்ளுகின்றோம்.

அதன் அட்டவணையை ஏழாம் வகுப்பறையின் சுவரில் ஒட்டி, மாணாக்கரை மனப்பாடம் செய்யப் பணித்தோம். ஒருவன் எழுந்து நின்றான். "ஐயா, 'க' சிவப்பு இல்லை, அது நனைந்த மண்ணின் நிறம். 'ம' தான் நீலம்" என்றான். யாம் நகைத்தோம். எவ்வாறு அறிவாய் என்றோம். "பார்த்தாலே தெரிகிறதே ஐயா" என்றான். புலவர் பட்டம் பெற்ற எமக்குத் தெரியாதது இவனுக்குத் தெரிகின்றதாம் என்று வகுப்பு முழுவதும் சிரிக்குமாறு பேசினோம். முப்பது எழுத்துக்கும் நிறம் எழுதித் தருமாறு தண்டனையாகக் கூறினோம். தயங்காமல் அரை நாழிகையில் எழுதித் தந்தான். ஆசிரியனை எதிர்த்துப் பொய் புனைந்தான் என்று கூறி அன்று முழுவதும் பெஞ்சின்மேல் நிற்கவைத்தோம். அத்தாளைப் பொய்க்குச் சான்றாக எம் நன்னூற் புத்தகத்துள் வைத்துக்கொண்டோம். பிள்ளைகள் அவனுக்குப் பட்டப்பெயர் இட்டனர். அதன்பின் அவன் எம் வகுப்பில் ஒரு வினாவும் கேட்டதில்லை.

ஆண்டுகள் கழிந்தன. எம் சுவடியையும் யாம் மறந்தோம். பின்னர் ஒருநாள் புலனிணைவு என்னும் பொருள்பற்றிப் படிக்க நேர்ந்தது. சினெஸ்தீசியா என மேனாட்டார் கூறுவது அது. சாக்ஸ் என்னும் ஜெர்மானிய மருத்துவர் 1812-ஆம் ஆண்டிலேயே, தமக்கு எழுத்தும் எண்ணும் சுரமும் நிறத்தோடு தோன்றுவதாகத் தம் ஆராய்ச்சி நூலில் எழுதினார். கால்ட்டன் என்னும் ஆங்கிலேயர் 1883-ஆம் ஆண்டில் இத்தகையோர் பலருடைய கூற்றுகளைத் தொகுத்தார். நபகாவ் என்னும் எழுத்தாளர் 1951-ஆம் ஆண்டில் வெளிவந்த தம் வரலாற்றில் ஒரு நிகழ்ச்சி கூறுகின்றார். சிறுவனாயிருந்தபோது, மரக்கட்டை எழுத்துகளை அடுக்கி விளையாடுகையில், இவற்றின் நிறமெல்லாம் பிழை என்று தம் தாயிடம் சொன்னாராம். தாயோ கடிந்தாளில்லை. அவளுக்கும் எழுத்துகள் நிறத்தோடு தோன்றுவனவாம். சில மகனோடு ஒத்தன, பல ஒவ்வாவாயின. இதனைப் படித்த இடத்தில் யாம் புத்தகத்தை மூடிவிட்டோம். அத்தாய் செய்ததையும் யாம் செய்ததையும் நினைத்து அன்றிரவு உறக்கமில்லை.

இவ்வுணர்வு மெய்யோ பொய்யோ என்று அறிய அறிஞர் ஒரு வழி கண்டனர். சொற்களுக்கும் எழுத்துகளுக்கும் தோன்றும் நிறங்களை எழுதி வாங்கி, பல நாள் கழித்து, முன்னறிவிப்பின்றி மீண்டும் கேட்பது. 1987-ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் இம்முறையில் ஒரு பெண்மணியைச் சோதித்தனர். புனைந்தவர் மறந்துவிடுவர், காண்பவர் மறவார். 2001-ஆம் ஆண்டில், தமிழ்க் குடியிற் பிறந்து அமெரிக்காவில் ஆராயும் வி. எஸ். ராமச்சந்திரனும் ஹப்பர்ட் என்பாரும், மூளையில் எழுத்தை அறியும் பகுதியும் நிறத்தை அறியும் பகுதியும் அருகருகே உள்ளன. அவற்றிடையே தொடர்பு மிகுதலே இதற்குக் காரணமாகலாம் என விளக்கினர். 2006-ஆம் ஆண்டில் வெளிவந்த ஆராய்ச்சியொன்று, நூற்றுக்கு ஏறக்குறைய நால்வர்க்கு ஏதேனும் ஒருவகைப் புலனிணைவு உண்டு என்றது. 2013-ஆம் ஆண்டில் அமெரிக்க ஆராய்ச்சியாளர் பதினொருவரைக் காட்டினர்; அவர்கள் எழுத்துகளிற் கண்ட நிறங்கள், விற்பனையிலிருந்த காந்த எழுத்து விளையாட்டுப் பொருளொன்றின் நிறங்களோடு பெரிதும் ஒத்திருந்தன. குழந்தைப் பருவத்திற் கண்ட நிறமும் உள்ளே தங்கிவிடுகின்றது என்பது இதனாற் புலனாகும். ஆகவே காட்சி மெய். ஆனால் அக்காட்சி காண்பவர்க்கே உரியது. ஒருவர் நிறம் மற்றொருவர்க்கு விதியாகாது.

பதினான்கு ஆண்டுக்குப் பின், அம்மாணாக்கன் தன் திருமண அழைப்பிதழோடு எம் இல்லம் வந்தான். யாம் அவனை இருத்தி, நன்னூலிலிருந்த தாளை அவனுக்குக் காட்டாமல், "தம்பி, எழுத்துகளின் நிறத்தை இன்று சொல்வாயா?" என்று கேட்டோம். அவன் முகம் வாடிற்று. "அதை விட்டுவிடுங்கள், ஐயா" என்றான். மீண்டும் வேண்டினோம். முப்பதும் கூறினான். தாளோடு ஒப்பிட்டோம். இருபத்தெட்டு அப்படியே இருந்தன. மற்றை இரண்டும் அயல்நிறங்களே. அன்று மஞ்சள் என்று எழுதியதை இன்று சந்தனம் என்றான். பின்னர் எம் எழுத்தொளி விளக்கத்தை எடுக்காமல், எம் முப்பது நிறங்களையும் யாமே எழுத முயன்றோம். பாதிக்கு மேல் பிழை. அவன் பொய் என யாம் சொன்னது நிலைத்து நின்றது. யாம் தத்துவம் எனச் சொன்னது எமக்கே மறந்துபோயிற்று.

தாளை அவன் கையிற் கொடுத்தோம். மன்னிப்புக் கேட்டோம். நெடுநேரம் அதனைப் பார்த்துக்கொண்டிருந்தான். "அன்றைக்குப் பிறகு யாரிடமும் சொன்னதில்லை, ஐயா. அம்மாவிடங்கூடச் சொல்லவில்லை. எனக்கு ஏதோ நோய் என்று நினைத்துக்கொண்டேன்" என்றான். பின்னர், "ஆனால் அதனால் ஒரு நன்மை, ஐயா. ல, ள, ழ மூன்றும் எனக்கு வெவ்வேறு நிறம். மாற்றி எழுதினால் உடனே தெரிந்துவிடும்" என்றான். லகர ளகர ழகரங்களை மாணாக்கர் மயங்குகின்றனரே என்று இருபதாண்டாகப் புலம்பும் தமிழாசிரியர் யாம். மயங்காத ஒருவனை எம் வகுப்பிலேயே பெஞ்சின்மேல் ஏற்றி வைத்திருந்தோம்.

ஒலியுணர்வும் பிற உணர்வும் கலப்பது அனைவர்க்கும் ஓரளவு பொது என்பதையும் கூறவேண்டும். கோலர் என்பார் 1929-ஆம் ஆண்டில், கூரிய வடிவமொன்றையும் வளைந்த வடிவமொன்றையும் காட்டிப் பொருளற்ற இரு பெயர்களைச் சொல்லி, எது எதற்குப் பொருந்தும் என்று ஆராய்ந்தார். ராமச்சந்திரனும் ஹப்பர்ட்டும் 'கிகி', 'பூபா' என்னும் பெயர்களால் இதனை மீண்டும் ஆராய்ந்தனர், தமிழரிடமும் கேட்டனர். மிகப் பெரும்பாலோர் கூரியதற்குக் கிகி என்றும், வளைந்ததற்குப் பூபா என்றும் கூறினர். வன்மை, மென்மை என்று நம் இலக்கணத்தார் எழுத்துக்கு இட்ட பெயர்கள் வெறும் பெயரல்ல என்பதற்கு இது துணையாகும். ஆயினும் இதிலும் வாழ்வு தாழ்வுக்கு இடமில்லை.

இறுதியாக, நம் சங்கத்தார் தனியே எண்ணிப் பார்க்கவேண்டியது ஒன்று உண்டு. பிற்காலப் பாட்டியல் நூல்கள், பாடப்பெறும் தலைவன் பெயர்க்கும் செய்யுளின் முதற்சொல்லுக்கும் பத்துப் பொருத்தம் பார்க்கச் சொல்கின்றன. மங்கலம், சொல், எழுத்து, தானம், பால், உண்டி, வருணம், நாள், கதி, கணம் என்பன அவை. அமுத எழுத்து என்றும் நச்செழுத்து என்றும் பிரித்தனர். அதனோடு நில்லாமல், வருணப் பொருத்தம் என்று எழுத்துகளையே நால்வருணத்தார்க்கும் பங்கிட்டனர். உயிரெழுத்தெல்லாம் ஒரு வருணத்துக்கு. தமிழுக்கே சிறப்பு என்று நாம் பெருமை பேசும் ழகரம் கடைசி வருணத்துக்கு. சாரங்கதேவர் 13-ஆம் நூற்றாண்டில் இயற்றிய சங்கீத ரத்னாகரமும் சுரங்களுக்கு நிறம் கூறியதோடு குலமும் கூறிற்று. தொல்காப்பியத்தில் இப்பொருத்தங்கள் கூறப்படவில்லை.

எழுத்துக்குக் குலம் வகுத்தவர், மனிதர்க்கு வகுத்த குலத்தை எழுத்தின்மேல் ஏற்றினர். இன்று எழுத்துக்கு நிறம் வகுப்பவர், எழுத்தின் நிறத்தை மனிதர்மேல் ஏற்றுகின்றனர். வழி வேறு, முடிவு ஒன்று. பிறப்பால் ஒருவரை உயர்த்தியும் தாழ்த்தியும் வைத்த கணக்கின் சுமையை நம் பாட்டனாரும் பாட்டிமாரும் சுமந்தனர். அக்கணக்கு தவறு என்று கூறவே இச்சங்கத்தின் மேடையில் நாம் கூடுகின்றோம். அங்ஙனமிருக்க, நம் வீட்டுப் பெண்ணொருத்தியை முதலெழுத்தின் நிறம்கொண்டு நாமே தள்ளுவது எவ்வாறு தகும்? பிறர் நம்மைத் தள்ளியபோது வருந்திய நாம், நம்மவளைத் தள்ளுமிடத்து நிறம் என்னும் பெயரிட்டு அமைதியடையலாமா?

ஆதலின் மூன்று வேண்டுகோள்கள். ஒன்று: பெயரெழுத்தின் நிறம் பார்த்துத் திருமணம் பேசுவதையும் தடுப்பதையும் நம்மவர் அறவே விடல் வேண்டும், நின்றுபோன திருமணத்துக்குரிய இரு வீட்டாரையும் பெரியோர்கள் மீண்டும் ஒருமுறை இருத்திப் பேசுதல் வேண்டும். இரண்டு: தியானத்துக்கென்று ஆசிரியர்கள் வகுத்த எழுத்தையும் நிறத்தையும் கற்க விரும்புவோர், அந்நூல்களை முறையாகப் பாடங்கேட்டுக் கற்றல் வேண்டும், ஒரு பலகையைப் பார்த்துப் பணம் கொடுத்துப் பெறுதல் கூடாது. மூன்று: உங்கள் குழந்தை, "அ பச்சையாக இருக்கிறது", "திங்கட்கிழமை மஞ்சள்" என்று சொன்னால் கடியாதீர்கள், நகையாதீர்கள், அவனைச் சித்தன் என்று கூட்டம் சேர்க்கவும் வேண்டா. இன்னும் என்ன நிறங்கள் காண்கிறாய் என்று அன்போடு கேளுங்கள். அது நோயன்று, வரமும் அன்று, அக்குழந்தையின் காட்சி.

ஒருவர் தியானத்துக்குக் கொள்ளும் குறி ஒன்று. ஒருவர்க்கு இயல்பாகத் தோன்றும் காட்சி ஒன்று. எல்லார்க்கும் பொதுவான இயற்கை விதி ஒன்று. இம்மூன்றையும் தனித்தனியே வைத்தால் மூன்றும் மதிப்புடையன. ஒன்றோடொன்று கலந்தால், கலந்தவனுக்குப் பணமும் நம்பினவனுக்குத் துன்பமும் கிடைக்கும். கலந்தவனாக இருந்து யாம் கற்றுக்கொண்ட பாடம் இது.

எம் எழுத்தொளி விளக்கத்தைக் கிழித்துவிட எண்ணினோம். பின்னர் அவ்வாறு செய்திலோம். முகப்பில், "இதிலுள்ள நிறங்கள் யாவும் யாம் புனைந்தவை" என்று எழுதிக் கையொப்பமிட்டு, இன்று நம் சங்க நூலகத்துக்கு அளிக்கின்றோம். புதிய நிறத்தத்துவம் கூறி நம் ஊர்க்கு வருவோரிடம் அதனைக் காட்டுங்கள். அவர் தத்துவத்தையும் ஒருமுறை எழுதி வாங்கி, ஓராண்டு கழித்து மீண்டும் கேளுங்கள்.

 நம் குலம் அறிவாலும் அன்பாலும் ஓங்குக! தமிழ் வாழ்க!